29 வயதில் கிடைத்த தொப்பி: பத்ரிநாத்தின் ஆட்ட வாழ்க்கை, சேலத்திலிருந்து ஓர் ஆய்வு

சேலத்தில் கிரிக்கெட் பயிற்சிக்குப் பையனை அழைத்து வரும் பெற்றோரில் பலர் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். "சின்னப்பம்பட்டியிலிருந்து நடராஜன் இந்தியாவுக்கு ஆடினார். என் மகன் மட்டை பிடிக்கிறான். அவனும் போக முடியுமா, சார்?" நடராஜன் வேகப்பந்து வீச்சாளர். முடியும் என்று சொல்லி அனுப்பிவிடலாம். அப்படிச் சொல்வது அந்தப் பையனுக்குச் செய்யும் நன்மை ஆகாது. பந்து வீசுகிறவனுக்கும் மட்டை பிடிக்கிறவனுக்கும் இந்த ஊரிலிருந்து மேலே போகும் வழி ஒன்றல்ல. அந்த வேறுபாட்டைப் புரிந்துகொள்ள, ஒரு மட்டையாளரின் முழு ஆட்ட வாழ்க்கையைத் தொடக்கம் முதல் முடிவு வரை பிரித்துப் பார்க்க வேண்டும் என்று எனக்கு வெகுநாளாகத் தோன்றியிருக்கிறது.

நான் எடுத்துக்கொண்டவர் சுப்ரமணியம் பத்ரிநாத். அவர் சேலத்துக்காரர் அல்லர். 1980 ஆகஸ்ட் 30 அன்று சென்னையில் பிறந்தவர். தமிழ்நாட்டின் தொடக்க ஆட்டக்காரர் முரளி விஜய் 61 டெஸ்ட் ஆடியிருக்கிறார், 12 சதம் அடித்திருக்கிறார். அவரை எடுத்திருந்தால் கட்டுரை மகிழ்ச்சியாக இருக்கும். ஆனால் வெற்றிக் கதையில் வழியின் மேடுபள்ளங்கள் மறைந்துவிடுகின்றன. பத்ரிநாத்தின் வாழ்க்கையில் உள்நாட்டு ஆட்டம் மலையளவு, சர்வதேச ஆட்டம் கைப்பிடி அளவு. இரண்டுக்கும் இடையிலுள்ள தூரத்தில்தான் நாம் கற்றுக்கொள்ள வேண்டியது கிடக்கிறது.

ரன் கணக்கு

145 முதல்தர ஆட்டங்கள், அதாவது பல நாள் நீளும் பெரிய ஆட்டங்கள். 10,245 ரன். சராசரி 54.49. 32 சதம். ஒரே இன்னிங்ஸில் அதிகபட்சம் 250. இந்த எண்களைப் பையன்களிடம் சொல்லும்போது 32 சதத்தில் அவர்கள் கண் விரியும். நான் அவர்களை நிறுத்திவைக்க விரும்புவது சராசரியில். 10,245ஐ 54.49ஆல் வகுத்தால் 188 வருகிறது. அதாவது பத்தாண்டுகளுக்கும் மேலாக, வெவ்வேறு மாநிலத்து ஆடுகளங்களில், புதுப் பந்திலும் தேய்ந்த பந்திலும், 188 முறை அவரை ஆட்டமிழக்கச் செய்திருக்கிறார்கள். ஒவ்வொரு முறையும் அதற்காகச் சராசரியாக 54 ரன் விலை கொடுத்திருக்கிறார்கள். அரைசதம் அடித்தால் பையனைத் தோளில் தூக்கிக்கொண்டு போகிறோம். பத்ரிநாத்துக்கு அது ஒரு சாதாரண நாளின் கணக்கு.

சர்வதேசப் பக்கம்: 2 டெஸ்ட், 63 ரன். 7 ஒருநாள் ஆட்டம், 79 ரன். ஒரே ஒரு இருபது ஓவர் ஆட்டம், 43 ரன். அந்த ஒன்றில் ஆட்டநாயகன் விருது அவருக்கே.

'பாவம், அதிர்ஷ்டம் இல்லாதவர்' என்று இரண்டு வார்த்தையில் இதை முடித்துவிடுவது தமிழ்நாட்டு ரசிகர்களின் வழக்கம். எனக்கு அந்தச் சொல்லில் உடன்பாடு இல்லை. அதிர்ஷ்டம் என்று சொல்லிவிட்டால் அதற்குமேல் ஆராய ஒன்றுமில்லை. நடந்ததற்குக் காரணங்கள் இருந்தன. அவற்றை ஆண்டு வாரியாகச் சுட்டிக்காட்ட முடியும்.

முன்னே நின்ற வரிசை

பத்ரிநாத் தமிழ்நாட்டுக்கு, மாநிலங்களுக்கு இடையிலான ரஞ்சிக் கோப்பையில் ஆடத் தொடங்கியது 2000-01 பருவத்தில், 20 வயதில். நடு வரிசையில் ஆடுபவர். சுழற்பந்தைக் கால்களால் விளையாடத் தெரிந்தவர். அதாவது இறங்கவும் பின்வாங்கவும் தயங்காதவர். அந்த நேரத்தில் இந்திய டெஸ்ட் அணியின் நடு வரிசையைப் பாருங்கள்: ராகுல் திராவிட், சச்சின் டெண்டுல்கர், வி.வி.எஸ். லட்சுமண், சவுரவ் கங்குலி. நான்கு இடம், நான்கு பேர். கங்குலி விலகியது 2008 நவம்பரில். திராவிட் ஓய்வு பெற்றது 2012 மார்ச்சில், லட்சுமண் அதே ஆண்டு ஆகஸ்டில், டெண்டுல்கர் 2013 நவம்பரில். பத்ரிநாத்தின் 21 வயது முதல் 28 வயது வரை அந்த நான்கு நாற்காலியில் ஒன்றுகூட நிலையாகக் காலியாகவில்லை.

பந்துவீச்சாளருக்கு இந்தச் சிக்கல் இவ்வளவு இறுக்கமாக இருப்பதில்லை. வேகப்பந்து வீசுகிறவனின் உடல் தேயும். முதுகு, முழங்கால், தோள் ஏதாவது ஒன்று இடையில் நின்றுபோகும். ஒரு தொடரில் ஐந்து ஆறு பேரைச் சுழற்றி ஆட வைப்பார்கள். நல்ல மட்டையாளர் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டால் யாரும் அவரை எழுப்ப மாட்டார்கள். எழுப்பவும் கூடாது.

அந்த ஆண்டுகளில் தமிழ்நாடு 2002-03, 2003-04 என்று தொடர்ந்து இரண்டு முறை ரஞ்சி இறுதிக்குப் போய் மும்பையிடம் தோற்றது. தமிழ்நாடு கடைசியாகக் கோப்பையைத் தூக்கியது 1987-88இல். பத்ரிநாத் 2005-06 பருவத்தில் ரன்களைக் குவித்த பிறகு, இந்திய அணிக்கு அடுத்த நிலையான இந்தியா ஏ அணியின் முதன்மை மட்டையாளர்களில் ஒருவரானார், அதற்குத் தலைமையும் ஏற்றார். அதாவது கதவுக்கு நேர் வெளியே நின்றவர்களில் முதல் ஆள். கதவு மட்டும் திறக்கவில்லை.

ஒருநாள் அணியில் முதல் வாய்ப்பு 2008 ஆகஸ்டில் இலங்கையில் வந்தது. ஆகஸ்ட் 20, தம்புள்ளை. இலங்கை 142 ரன்னில் சுருண்டது. சிறிய இலக்கு, ஆனால் இந்திய விக்கெட்டுகள் மளமளவென்று சரிந்தன. பத்ரிநாத் 27 ரன் எடுத்து ஆட்டமிழக்காமல் நின்று வெற்றியைக் கொண்டுவந்தார். முதல் ஆட்டத்திலேயே பதற்றமான துரத்தலை முடித்து வைத்தவர் அவர். அதே மைதானத்தில், அதே தொடரில், இரண்டு நாள் முன்னதாக அறிமுகமான இன்னொரு மட்டையாளர் 12 ரன் எடுத்து ஆட்டமிழந்திருந்தார். அவர் பெயர் விராட் கோலி. அன்று கோலிக்கு 19 வயது. பத்ரிநாத்துக்கு இன்னும் பத்து நாளில் 28. என் ஆய்வின் முழு அச்சும் இந்த வயது வேறுபாட்டில்தான் சுழல்கிறது.

காலி இடம் எப்படி வருகிறது என்பதற்கு அதே 2008இல் தமிழ்நாட்டு அணிக்குள்ளேயே ஒரு சான்று உண்டு. நவம்பரில் நாசிக்கில் மகாராஷ்டிரத்துக்கு எதிராக முரளி விஜயும் அபினவ் முகுந்தும் முதல் விக்கெட்டுக்கு 462 ரன் சேர்த்தார்கள். விஜய் 243, முகுந்த் ஆட்டமிழக்காமல் 300. அந்த ஆட்டம் முடிவதற்குள்ளேயே விஜயை நாக்பூருக்கு அழைத்தார்கள், ஏனென்றால் கவுதம் கம்பீருக்கு ஒரு டெஸ்ட் தடை விதிக்கப்பட்டிருந்தது. தொடக்க ஆட்டக்காரருக்கு இடம் காலியானது. தொடக்க ஆட்டக்காரர் ஒருவர் ரன் மேல் ரன் அடித்துக்கொண்டிருந்தார். அவருக்கு 24 வயது. மூன்றும் ஒரே வாரத்தில் கூடிவந்தன. அதே பருவத்தில், அதே அணியில், நடு வரிசையில் ஆடிய பத்ரிநாத்துக்கு அந்தக் காலி இடம் பயன்படவில்லை. இங்கே திறமையைத் தராசில் வைத்து ஒருவரை மேல் என்றும் ஒருவரைக் கீழ் என்றும் சொல்ல முடியாது.

நாக்பூர், 2010 பிப்ரவரி

இந்த ஆட்டத்தை மட்டும் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

தென்னாப்பிரிக்கா வந்திருந்தது. ஜனவரியில் டாக்காவில் பவுன்சர் ஒன்று தாக்கி திராவிடின் கன்ன எலும்பு முறிந்திருந்தது. லட்சுமணுக்குக் காயம், யுவராஜ் சிங்குக்குக் காயம். நடு வரிசையில் ஒரே நேரத்தில் மூன்று ஓட்டைகள். பத்ரிநாத்துக்கு டெஸ்ட் தொப்பி, அதாவது முதல் டெஸ்ட் வாய்ப்பு, கிடைத்தது. இன்னொரு இடத்துக்கு ரோகித் சர்மா ஆடுவதாக இருந்தது. ஆட்டம் தொடங்கும் காலையில், மைதானத்தில் பயிற்சி செய்தபோது அவர் காலில் அடிபட்டது. விக்கெட் கீப்பரான விருத்திமான் சாஹா வெறும் மட்டையாளராக அறிமுகமானார்.

ரோகித்தை மறந்துவிட வேண்டாம், திரும்ப வருகிறேன்.

தென்னாப்பிரிக்கா 6 விக்கெட்டுக்கு 558 அடித்து முடித்துக்கொண்டது. ஹஷிம் ஆம்லா ஆட்டமிழக்காமல் 253, ஜாக் காலிஸ் 173. இரண்டு நாள் வெயிலில் பந்து பொறுக்கிவிட்டு மட்டை பிடிக்க வந்தது இந்தியா. டேல் ஸ்டெயின் தன் வாழ்நாளின் மிகச் சிறந்த ஸ்பெல்களில் ஒன்றை வீசினார். 56 ரன்னுக்கு 3 விக்கெட், டெண்டுல்கரும் வெளியே. அந்த நிலையில் டெஸ்ட் கிரிக்கெட்டில் தன் முதல் பந்தைச் சந்திக்க இறங்கினார் பத்ரிநாத். மறுமுனையில் வீரேந்திர சேவாக். இருவரும் 136 ரன் சேர்த்தார்கள். சேவாக் 109, பத்ரிநாத் 56. அவர்கள் இருந்தவரை இந்தியா ஆட்டத்தில் இருந்தது. 4 விக்கெட்டுக்கு 221 என்று நின்ற அணி, தேநீர் இடைவேளைக்குப் பிறகு ஸ்டெயினின் ரிவர்ஸ் ஸ்விங்கில் 233க்குள் முடிந்துபோனது. கடைசி ஆறு விக்கெட்டுகள் 12 ரன்னுக்கு. ஸ்டெயின் 51 ரன்னுக்கு 7 விக்கெட்.

அந்த 56ஐ நான் அவருடைய 32 சதங்களில் பலவற்றைவிட உயர்வாக வைக்கிறேன். பத்தாண்டு காத்திருந்தவர், உலகின் முதல்நிலைப் பந்துவீச்சாளர் உச்சத்தில் இருக்கும் நாளில், சரிந்துகொண்டிருக்கும் அணிக்காக இறங்கி, அவசரப்படாமல் நின்றார். உள்நாட்டில் அவர் சேர்த்த ரன்கள் வெறும் மெத்தனமான ஆடுகளத்து ரன்கள் என்று பேசியவர்களுக்கு அந்த இன்னிங்ஸ் பதில்.

பாலோ ஆன் பெற்று உடனே மறுபடியும் மட்டை பிடித்தபோது இரண்டாவது இன்னிங்ஸில் 6. டெண்டுல்கர் சதம் அடித்தும் இன்னிங்ஸ், 6 ரன் வித்தியாசத்தில் இந்தியா தோற்றது. அடுத்த டெஸ்ட் கொல்கத்தாவில். லட்சுமண் திரும்பினார். சேவாக் 165, டெண்டுல்கர் 106, லட்சுமண் ஆட்டமிழக்காமல் 143, தோனி ஆட்டமிழக்காமல் 132. அணி 6 விக்கெட்டுக்கு 643. அந்த 643க்குள் பத்ரிநாத்தின் பங்கு 1 ரன். மட்டை பிடிக்கத் தோதான நாளில் அவர் தவறினார். மட்டை பிடிக்க முடியாத நாளில் நின்றார். மற்றவர்கள் நான்கு சதம் அடித்த ஸ்கோர்கார்டில் '1' என்பது கண்ணை உறுத்தும். அந்த 1 ரன்னுடன் அவருடைய டெஸ்ட் வாழ்க்கை முடிந்தது.

அதே ஆண்டு ஜூலையில் கொழும்பில் சுரேஷ் ரெய்னா அறிமுகமாகி 120 அடித்தார். அக்டோபரில் பெங்களூரில் செதேஷ்வர் புஜாரா அறிமுகமாகி, ஆஸ்திரேலியாவுக்கு எதிரான துரத்தலில் 72 அடித்தார். புதியவர்கள் வந்த வேகத்தில் வாய்ப்பைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்கள் என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ரெய்னாவின் சதத்தையும் புஜாராவின் 72ஐயும் கண்ட பிறகு தேர்வுக்குழுவைத் திட்டுவதற்கு என்னிடம் சொல் இல்லை.

மீண்டும் தட்டிப் பார்த்தது

பத்ரிநாத் செய்தது என்ன? திரும்பிப் போய் ரன் அடித்தார். 2010-11 ரஞ்சிப் பருவத்தில் 900க்கும் மேற்பட்ட ரன் எடுத்து அந்தப் பருவத்தின் முன்னணி மட்டையாளராக இருந்தார். அதன் பலனாக 2011 ஜூனில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு ஒருநாள், இருபது ஓவர் ஆட்டங்களுக்கான அணியில் போனார். போர்ட் ஆஃப் ஸ்பெயினில் நடந்த இருபது ஓவர் ஆட்டத்தில் 37 பந்தில் 43 ரன். முதலில் சொன்ன ஆட்டநாயகன் விருது இதுதான். தொடர்ந்து ஒருநாள் ஆட்டங்களில் ரன் வரவில்லை. ஏழு ஒருநாள் ஆட்டங்களில் ஐந்து முறை ஆட்டமிழந்து 79 ரன் என்பதை யாரும் நல்ல கணக்கு என்று சொல்ல மாட்டார்கள். நானும் சொல்லவில்லை. கடைசி ஓவர்களை எண்ணிக்கொண்டு இறங்கும் வேலை, ஒரு மணி நேரம் கண்ணைப் பழக்கிவிட்டு அடிக்கத் தொடங்கும் மனிதருக்குப் பொருந்தவில்லை.

சென்னை சூப்பர் கிங்ஸில் அவருக்கு வேறு மரியாதை இருந்தது. 2008 முதல் 2013 வரை 95 ஐ.பி.எல். ஆட்டம், 1,441 ரன். மேல் வரிசை சரிந்தால் தாங்கிப்பிடிக்கும் ஆளாக 2010, 2011 கோப்பைகளில் அவருக்குப் பங்கு உண்டு.

2012 ஆகஸ்டில் லட்சுமண் திடீரென்று ஓய்வு அறிவித்ததும், நியூசிலாந்து டெஸ்டுகளுக்கு அவர் இடத்தில் பத்ரிநாத்தைச் சேர்த்தார்கள். ஆடும் பதினொருவரில் இடம் ரெய்னாவுக்குப் போனது. பத்ரிநாத்துக்கு 32 வயது நெருங்கிக்கொண்டிருந்தது, ரெய்னாவுக்கு 25. 2014-15இல் தமிழ்நாட்டை விட்டு விதர்பாவுக்குத் தொழில்முறை ஆட்டக்காரராகப் போய்த் தலைமை ஏற்றார். பின்னர் ஐதராபாத்துக்கு ஆடினார். 2018இல் விடைபெற்றார்.

இரண்டாவது வாய்ப்பு யாருக்கு?

இப்போது ரோகித்துக்கும் கோலிக்கும் வருகிறேன்.

நாக்பூரில் காலில் அடிபட்ட காலையில் ரோகித் சர்மாவுக்கு 22 வயது. அவருக்கு டெஸ்ட் தொப்பி கிடைத்தது 2013 நவம்பரில், கொல்கத்தாவில். ஏறத்தாழ மூன்றே முக்கால் ஆண்டு காத்திருப்பு. அப்போதும் அவருக்கு வயது 26தான். முதல் இன்னிங்ஸிலேயே 177 அடித்தார். அத்தனை நாள் காத்திருந்தும் முன்னே நீண்ட காலம் மிச்சமிருந்தது.

கோலியின் டெஸ்ட் அறிமுகம் 2011 ஜூன், கிங்ஸ்டன். அதே ஆட்டத்தில் நம் அபினவ் முகுந்தும் அறிமுகமானார். அந்தத் தொடரில் கோலி ஐந்து இன்னிங்ஸில் எடுத்தது மொத்தம் 76 ரன். சராசரி 15ஐச் சற்றே தாண்டியது. பத்ரிநாத்தின் டெஸ்ட் சராசரி 21. எண்ணை மட்டும் பார்த்தால் பத்ரிநாத் தொடக்கம் மேல். ஆனால் கோலிக்கு 22 வயது. அடுத்து இங்கிலாந்தில் நடந்த டெஸ்டுகளில் அவரை ஆடவைக்கவில்லை, பிறகு அழைத்தார்கள். 2012 ஜனவரியில் அடிலெய்டில் 116 அடித்தார், மீதி எல்லோருக்கும் தெரியும்.

தேர்வுக்குழு உட்கார்ந்து பேசும்போது 22 வயதுக்காரரின் தோல்வியைக் 'கற்றுக்கொள்கிறார்' என்று எழுதிக்கொள்வார்கள். 29 வயதுக்காரரின் அதே தோல்வியை 'இவ்வளவுதான்' என்று எழுதிக்கொள்வார்கள். இதில் வஞ்சம் எதுவும் இல்லை. பத்தாண்டு பயன் தரக்கூடியவரையா, நான்கு ஆண்டு பயன் தரக்கூடியவரையா என்று கேட்டால் யாரும் முதலாமவரைத்தான் எடுப்பார்கள். எனவே பத்ரிநாத் இழந்தது முதல் வாய்ப்பை அல்ல. அது தாமதமானாலும் வந்தது. அவருக்குக் கிடைக்காமல் போனது இரண்டாவது வாய்ப்பு. மட்டையாளருக்குத்தான் இரண்டாவது வாய்ப்பு உயிர்நாடி. ஏனென்றால் ஒரு நல்ல பந்து, ஒரு தவறான தீர்ப்பு, ஒரு கண் சிமிட்டல் போதும், அவருடைய நாள் முடிந்துவிடும். மோசமான ஓவர் வீசிய பந்துவீச்சாளர் அடுத்த ஓவரில் அதைச் சரிசெய்துகொள்வார்.

இதே கண்ணாடியில் நடராஜனையும் பார்க்கலாம். 2020-21 ஆஸ்திரேலியப் பயணத்துக்கு, பயிற்சியில் பந்து வீசித்தரும் வலைப் பந்துவீச்சாளராகப் போய், ஒரே பயணத்தில் ஒருநாள், இருபது ஓவர், டெஸ்ட் என மூன்று வடிவத்திலும் அறிமுகமானார். பிரிஸ்பேன் டெஸ்டின் முதல் இன்னிங்ஸில் 3 விக்கெட். அப்போது அவருக்கும் வயது 29. காயங்கள் குறுக்கிட்டதால் 1 டெஸ்ட், 2 ஒருநாள், 4 இருபது ஓவர் ஆட்டங்களோடு அவர் கணக்கு நிற்கிறது. சென்னையில் பிறந்து டர்ஃப் எனப்படும் மண்-புல் ஆடுகளத்தில் வளர்ந்தவரும், சின்னப்பம்பட்டியில் டென்னிஸ் பந்தில் வளர்ந்தவரும் ஒரே வயதில் டெஸ்ட் தொப்பி பெற்று, ஏறக்குறைய ஒரே அளவு சர்வதேச ஆட்டங்களோடு நின்றார்கள். ஒருவருக்கு வழியின் மேல் முனையில் தாமதம். மற்றவருக்குக் கீழ் முனையில்.

சேலத்துக்கு இதில் என்ன?

நம் மாவட்டத்தில் தாமதம் எங்கே நிகழ்கிறது என்பதை நான் தினமும் பார்க்கிறேன். ஓமலூர், எடப்பாடி, ஆத்தூர், ஏற்காட்டு அடிவாரம் என்று எங்கே போனாலும் பையன் முதலில் ஆடுவது டென்னிஸ் பந்து. பந்துவீச்சாளருக்கு அது கெடுதல் செய்வதில்லை. இலேசான பந்தில் வேகம் வரவேண்டுமென்றால் தோளை முழுமையாகச் சுழற்ற வேண்டும். அடிக்கவே வருகிறவனைத் தடுக்க வேண்டுமென்றால் காலடியில் போட வேண்டும். நடராஜனின் யார்க்கர் அந்தப் பள்ளியில் படித்தது. தோல் பந்துக்கு மாறும்போது அவருக்குக் கையிருப்பு இருந்தது.

மட்டையாளருக்குக் கதை தலைகீழ். டென்னிஸ் பந்து ஆடுகளத்தில் பட்டுக் கடைசி நேரத்தில் விலகுவதில்லை. ஆஃப் ஸ்டம்ப்புக்கு வெளியே போகும் பந்தை விட்டுவிடும் பழக்கம் அங்கே தேவைப்படுவதே இல்லை. விட்டால் கூட்டம் கூச்சல் போடும். முன்காலை ஒதுக்கி, குறுக்கே மட்டையை வீசி, மிட்விக்கெட் மேல் தூக்குவது அங்கே பாராட்டுப் பெறும் அடி. 16 வயது வரை இதைச் செய்து ரன் குவித்த பையன் தோல் பந்துக்கு வந்தால், கற்பதற்கு முன் மறக்க வேண்டியது அவனுக்கு நிறைய இருக்கிறது. மறப்பதற்கு ஆகும் இரண்டு மூன்று ஆண்டுகள்தான் நான் சொல்லும் கீழ்முனைத் தாமதம்.

அடுத்தது மேட், அதாவது பாய் விரிப்பு. கெட்டித்த தரையிலோ சிமெண்ட் மேலோ விரித்த மேட்டில் பந்து ஒரே சீராக எழும்பும். கண் பழகிவிட்டால் ரன் கொட்டும். டர்ஃப் அப்படியல்ல. காலையில் ஈரம், மதியம் கெட்டி, மறுநாள் வெடிப்பு. பந்து ஒன்று எழும்பும், ஒன்று தாழும். பத்ரிநாத்தின் சுழற்பந்து ஆட்டம் சென்னை லீக்கின் டர்ஃப் ஆடுகளங்களில் பழகியது. சேப்பாக்கத்தின் காய்ந்த மண்ணில் நான்காம் நாள் நிற்கத் தெரிந்தவருக்கு, இந்தியாவில் எங்கே போனாலும் பயமில்லை. அந்த லீக்கில் கிளப்புகளை நிறுவனங்கள் தாங்குகின்றன. இளம் ஆட்டக்காரருக்கு வேலையோ உதவித்தொகையோ கிடைக்கிறது. நடராஜனும் சென்னைக்குப் போய் அந்த ஏணியில்தான் ஏறினார். அவர் ஆடிய கிளப்புகளில் ஒன்றான ஜாலி ரோவர்ஸைத் தாங்கும் சன்மார் குழுமத்துக்கு நம் மேட்டூரில் ஆலை இருக்கிறது. ஆலை இங்கே, ஆடுகளம் முந்நூறு கிலோமீட்டருக்கும் அப்பால் என்பதே பல காலம் நம் நிலை.

2020 பிப்ரவரியில் வாழப்பாடி அருகே சேலம் கிரிக்கெட் பவுண்டேஷன் மைதானம் திறக்கப்பட்டபோது அந்த நிலை மாறத் தொடங்கியது. திறப்பு விழாவுக்கு வந்தவர்களில் ராகுல் திராவிடும் ஒருவர். சரியாகப் பத்தாண்டுக்கு முன்பு, அவருடைய கன்ன எலும்பு முறிந்ததால் காலியான நடு வரிசையில்தான் பத்ரிநாத் நுழைந்தார். 2022 முதல் தமிழ்நாடு பிரீமியர் லீக் ஆட்டங்கள் அங்கே நடந்திருக்கின்றன. 2023இல் சின்னப்பம்பட்டியில் நடராஜன் தன் சொந்த முயற்சியில் ஒரு மைதானம் அமைத்தார். தினேஷ் கார்த்திக் வந்து திறந்து வைத்தார்.

பிரீமியர் லீக் ஆட்டங்களுக்குக் கூட்டம் வந்தது. ஆனால் என்னைப் பொறுத்தவரை வாழப்பாடியில் நடந்த மிக முக்கியமான ஆட்டம் 2025 ஜனவரியில் தமிழ்நாடும் சண்டிகரும் மோதிய ரஞ்சி ஆட்டம். தமிழ்நாடு 209 ரன் வித்தியாசத்தில் வென்றது. முதல் இன்னிங்ஸில் சதம் அடித்தவர் ஆந்த்ரே சித்தார்த், 18 வயது. இரண்டாவது இன்னிங்ஸில் ஆட்டமிழக்காமல் 150 அடித்தவர் விஜய் சங்கர், 2019 உலகக் கோப்பையில் ஆடியவர், 34 வயதைத் தொட்டவர். ஒரே ஆட்டத்தில், ஒரே ஆடுகளத்தில், இரண்டு சதம். அடித்த ரன்னில் மூத்தவருடையது அதிகம். இந்தியத் தேர்வுக்குழுவின் குறிப்பேட்டில் எந்தச் சதம் அதிக எடை பெறும் என்று இனி விளக்க வேண்டியதில்லை. சேலத்துப் பையன்கள் இதை நேரில் பார்த்திருக்க வேண்டும். நான்கு நாள் ஆட்டம் என்றால் என்ன, ஒரு மட்டையாளர் காலை முழுவதும் எத்தனை பந்தை விடுகிறார், உணவு இடைவேளைக்குப் பிறகு எப்படி மறுபடியும் பூஜ்ஜியத்திலிருந்து தொடங்குகிறார் என்பதைத் தொலைக்காட்சியின் சுருக்கக் காட்சியில் பார்க்க முடியாது.

ஆகவே பெற்றோருக்கு நான் கொடுக்கும் பதில் வயதைச் சுற்றியே இருக்கிறது. அகாடமிக்குக் கட்டணம் எவ்வளவு, மட்டை எந்த நிறுவனத்துடையது, எந்தப் பெரிய ஆட்டக்காரர் வந்து கை குலுக்கினார் என்பதையெல்லாம் ஒதுக்கி வையுங்கள். உங்கள் மகன் 14 வயதுக்குள் டர்ஃபில், தோல் பந்தில், ஓவர் வரம்பு இல்லாமல் எத்தனை இன்னிங்ஸ் ஆடப் போகிறான் என்று கேளுங்கள். வலைப்பயிற்சியில் அடித்த பந்தை அதில் சேர்க்காதீர்கள். வலையில் ஆட்டமிழந்தவன் அடுத்த பந்தை ஆடுகிறான். ஆட்டத்தில் ஆட்டமிழந்தவன் மரத்தடியில் உட்கார்ந்து மாலை வரை மற்றவர்கள் ஆடுவதைப் பார்க்கிறான். விக்கெட்டுக்கு விலை வைக்கக் கற்றுத்தருவது அந்த மரத்தடிதான். பள்ளிகளுக்கு இடையிலான ஆட்டங்கள் பெரும்பாலும் குறைந்த ஓவர் ஆட்டங்கள். ஐந்தாவதாக இறங்கும் பையனுக்குப் பத்துப் பதினைந்து பந்து மிஞ்சும். அதில் தூக்கி அடிக்கத்தான் அவன் கற்பான். பத்ரிநாத் ஆடிய இடம் அதே ஐந்தாம் இடம். ஒரு மணி நேரம் கண்ணைப் பழக்க அவருக்கு ஆட்டத்தின் அமைப்பே இடம் கொடுத்தது.

சென்னைக்கு அனுப்பட்டுமா என்றும் கேட்கிறார்கள். 12 வயதுப் பையனைத் தனியே அனுப்பச் சொல்ல எனக்கு மனம் வராது; பல குடும்பங்களால் முடியவும் முடியாது. கோயம்புத்தூரில் வளர்ந்த நாராயண் ஜெகதீசன் 2022இல் அருணாசலப் பிரதேசத்துக்கு எதிராக 277 அடித்து, ஐம்பது ஓவர் ஆட்டத்தின் உலகச் சாதனையைத் தன்வசமாக்கினார். 2025இல் இந்திய டெஸ்ட் அணிக்கும் அழைக்கப்பட்டார். சென்னைக்கு வெளியே அடித்தளம் போட முடியும் என்பதற்கு அவர் கண்முன் நிற்கும் சான்று. கோவைக்கு உள்ள கல்லூரி மைதானங்களும் டர்ஃப் ஆடுகளங்களும் நமக்கு இல்லாமல் இருந்தன. இப்போது வாழப்பாடி இருக்கிறது.

அங்கே பெரிய ஆட்டங்கள் இல்லாத வாரங்கள் ஆண்டில் நிறைய உண்டு. டிசம்பர் முதல் பிப்ரவரி வரை சேர்வராயன் அடிவாரத்தில் பகல் முழுவதும் ஆடலாம், வெயில் வாட்டாது. பொங்கல் விடுமுறையும் அதற்குள் வருகிறது. சேலம், நாமக்கல், தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களின் 14 வயதுக்குட்பட்ட அணிகளுக்கு இடையே, ஓவர் வரம்பில்லாத இரண்டு நாள் ஆட்டங்களை அந்தப் பருவத்தில் டர்ஃபில் நடத்தலாம். ஒவ்வொரு பையனுக்கும் எத்தனை பந்து சந்தித்தான், எத்தனை நிமிடம் நின்றான் என்ற கணக்கு எழுதப்பட வேண்டும். ரன்னை மட்டும் எழுதும் ஸ்கோர்புத்தகம் இந்த வயதுக்குப் போதாது. இரண்டு நடுவர், ஒரு ரோலர், ஆடுகளம் பார்த்துக்கொள்ளும் ஓர் ஆள், தொலைவிலிருந்து வருவோருக்கு இரவு தங்க ஒரு பள்ளிக்கூட விடுதி. இவ்வளவுதான் தேவை. இதைக் கேட்டு மாவட்டக் கிரிக்கெட் நிர்வாகத்துக்குப் பெற்றோர் சேர்ந்து எழுத வேண்டும். கடிதம் எழுத நானும் உடன் இருக்கிறேன்.